ஸ்லோ குக்கரில் சாசேஜ் ஸ்டூ: பாஸ்தா பசை, உருளை கல். குற்றம் யார் மேல்?

மடிப்பாக்கம் வாணி
ஞாயிறு, காலை 6.50

இரவெல்லாம் தூங்கவில்லை. அந்த எரிச்சலோடுதான் எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அண்ணன் டல்லஸில் வீட்டைக் காலி செய்துகொண்டு ஊர் திரும்பியபோது ஒரு ஸ்லோ குக்கரை, அதாவது குறைந்த சூட்டில் மணிக்கணக்கில் வேகவைக்கும் மின்சாரப் பானையை, என் தலையில் கட்டினான். 6 குவார்ட், நம் கணக்கில் ஐந்தரை லிட்டருக்குச் சற்று மேல். குளிர்காலத்தில் அண்ணி அதில் சாசேஜ், பாஸ்தா, பீன்ஸ் எல்லாம் போட்டு ஒரு ஸ்டூ செய்வாராம். "காலையில் போட்டு மூடிவிட்டுப் போ, மாலையில் வந்தால் சாப்பாடு தயார்" என்றான். சோழிங்கநல்லூரில் வேலை பார்த்துவிட்டு வந்து அடுப்படியில் நிற்கிறவளுக்கு இதைவிட இனிமையான பேச்சு உண்டா?

நேற்று காலை எட்டரைக்குள் எல்லாவற்றையும் போட்டேன். முந்தைய இரவே ஊறவைத்த ராஜ்மா ஒரு கோப்பை, நான்காகப் பிளந்த உருளைக்கிழங்கு மூன்று, காரட், வெங்காயம், ஆறு தக்காளி, உறைபெட்டியிலிருந்து எடுத்த கோழி சாசேஜ் ஒரு பாக்கெட், பாஸ்தா இரண்டு கோப்பை, பசலைக்கீரை, தண்ணீர். விளிம்புக்கு ஒரு விரல் கீழே வரை நிறைந்தது. 'லோ'வில் வைத்துவிட்டுக் கிளம்பினேன். ஏழு மணிக்குத் திரும்பினேன்.

கரண்டியை விட்டால் விழாமல் நின்றது. பாஸ்தா என்று தனியாக ஒன்று இல்லை. சுவரொட்டி ஒட்டுகிறவர்களிடம் கொடுத்திருந்தால் வாங்கிக்கொண்டிருப்பார்கள். அந்தப் பசைக்குள் உருளைக்கிழங்கு மட்டும் கடித்தால் 'நறுக்' என்கிறது. பத்தரை மணி நேரம்! சாசேஜ் ஊதி வெடித்து, நனைந்த பஞ்சு போல இருந்தது. ராஜ்மா வெளியே மாவு, நடுவில் கெட்டி.

மாமியாரும் நானும் இரண்டு வாயோடு தயிர் சாதத்துக்குத் தாவிவிட்டோம். வீட்டுக்காரர் மட்டும், நான் வருத்தப்படக் கூடாதென்று, ஒரு கிண்ணத்தை முழுதாகச் சாப்பிட்டார். எட்டு மணிக்குச் சாப்பிட்டவருக்குப் பத்தரைக்கு வாந்தி தொடங்கியது. நள்ளிரவுக்குள் நான்கு தடவை. இப்போதுதான் அயர்ந்து தூங்குகிறார்.

மாமியாரின் தீர்ப்பு: "அந்தக் குழாய்க் கறி கெட்டுப்போனது." பாக்கெட்டில் போட்டிருக்கும் தேதிக்கு இன்னும் இரண்டு மாதம் இருக்கிறது. கடைக்காரரிடம் போய்க் கேட்கலாமா?

கரண்டிப்பிடி
ஞாயிறு, காலை 7.15

கடைக்காரர் இருக்கட்டும். முதலில் அவர் எழுந்ததும் உப்பு சர்க்கரைக் கரைசலைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுங்கள். வாந்தி மறுபடி தொடங்கினாலோ, தலை சுற்றினாலோ, சிறுநீர் குறைந்தாலோ இங்கே எழுதிக்கொண்டிருக்காமல் மருத்துவரிடம் போங்கள்.

இப்போது ஒரு கேள்வி. ராஜ்மாவை வேகவைத்துவிட்டுப் போட்டீர்களா, ஊறியதை அப்படியே போட்டீர்களா?

மடிப்பாக்கம் வாணி
ஞாயிறு, காலை 7.22

ஊறியதை அப்படியே. அண்ணி அனுப்பிய குறிப்பில் வேகவைக்கச் சொல்லவில்லையே? "ஒரு டப்பா பீன்ஸ்" என்றுதான் இருக்கிறது.

கரண்டிப்பிடி
ஞாயிறு, காலை 7.25

போச்சு. டப்பா பீன்ஸ் என்றால் தகர டப்பாவில் அடைத்து வருவது. அது ஏற்கெனவே வெந்தது, அம்மா.

மிச்சம் இருப்பதைக் கொட்டிவிடுங்கள். சூடு பண்ணிப் பார்க்கலாம் என்ற எண்ணமே வேண்டாம். தெருநாய்க்கும் போடாதீர்கள், அதில் வெங்காயம் இருக்கிறது. நாய்க்கு அது ஆகாது.

சோதனைக்குழாய்
ஞாயிறு, காலை 8.05

உணவு அறிவியல் படித்தவன் என்ற முறையில் சொல்கிறேன். இங்கிருந்துகொண்டே இதுதான் காரணம் என்று அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் வாணி சொல்லும் கதை ராஜ்மா நஞ்சின் கதையோடு அச்சாகப் பொருந்துகிறது.

சிவப்பு ராஜ்மாவில் ஃபைட்டோஹீமக்ளூட்டினின் என்ற லெக்டின் வகைப் புரதம் நிறைய இருக்கிறது. வேகாத கொட்டை நாலைந்து தின்றாலே போதும், ஒன்றிலிருந்து மூன்று மணி நேரத்துக்குள் குமட்டலும் கடும் வாந்தியும் வரும். சிலருக்குப் பேதியும் உண்டு. பெரும்பாலானவர்கள் சில மணி நேரத்தில் தானாகத் தேறிவிடுவார்கள். எட்டு மணிக்குச் சாப்பாடு, பத்தரைக்கு வாந்தி, நள்ளிரவுக்கு மேல் அமைதி. அளவெடுத்துத் தைத்தது போல இருக்கிறது.

ஊறவைத்தால் மட்டும் இது போகாது. கொதிக்க வேண்டும். ஐந்து மணி நேரமாவது ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் குறைந்தது 10 நிமிடம் தளதளவென்று கொதிக்கவிட வேண்டும். அரை மணி நேரம் கொதித்தால் கவலையே இல்லை. ஸ்லோ குக்கரின் சிக்கல் இதுதான்: அது கொதிநிலைக்கு வராமலே மணிக்கணக்கில் சூடாக இருக்கும். 80 டிகிரிக்குக் கீழே அரைவேக்காடாகக் கிடந்த ராஜ்மா, பச்சை ராஜ்மாவை விடவும் மோசமாகலாம். வெளியே மாவு, நடுவில் கெட்டி என்று நீங்கள் எழுதியதைப் படித்ததும் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது.

கொண்டைக்கடலையில் இந்தத் தொல்லை மிகக் குறைவு. பழக்கமில்லாதவர்கள் அதிலிருந்து தொடங்கலாம்.

நாலு விசில்
ஞாயிறு, காலை 8.40

இதற்குத்தான் நம் வீட்டில் குக்கர் என்ற ஒன்று இருக்கிறது. குண்டு போட்டால் உள்ளே கிட்டத்தட்ட 120 டிகிரி. ஊறிய ராஜ்மா ஆறு விசில், உருளைக்கிழங்கு இரண்டு விசில், எல்லாம் சேர்த்து அரை மணி நேரத்தில் முடிகிற வேலை. பத்தரை மணி நேரம் மின்சாரத்தைச் செலவழித்து ஒரு உருளைக்கிழங்கை வேகவைக்க முடியாத பாத்திரத்துக்கு விமானத்தில் இடம் பிடித்துக் கொடுத்த உங்கள் அண்ணனைச் சொல்ல வேண்டும். வெள்ளைக்காரர்களின் சோம்பலுக்குக் கண்டுபிடித்ததை எல்லாம் நாம் ஏன் சுமக்கிறோம்?

சோதனைக்குழாய்
ஞாயிறு, காலை 9.10

நாலு விசில் அவர்களே, ராஜ்மா விஷயத்தில் உங்கள் பக்கம்தான் நியாயம். "சோம்பல்" என்பதை மட்டும் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

இந்தப் பாத்திரத்துக்குக் காப்புரிமை வாங்கியவர் இர்விங் நாக்சன் என்ற அமெரிக்க யூதர், 1940இல். லித்துவேனியாவில் அவருடைய தாயார் வீட்டில், வெள்ளிக்கிழமை பொழுது சாய்வதற்குள் பீன்ஸும் கறியும் போட்ட பானையை ஊர் ரொட்டிக்கடை அடுப்பில் கொண்டுபோய் வைத்துவிடுவார்களாம். ஓய்வுநாளில் தீ மூட்டக் கூடாது என்பது அவர்கள் விதி. அணைந்துகொண்டிருக்கும் அடுப்பின் சூட்டிலேயே மறுநாள் வரை வெந்துகொண்டிருக்கும். அந்தக் கதையைக் கேட்டு வளர்ந்தவர் மின்சாரத்தில் அதைச் செய்து பார்த்தார். 1970 வாக்கில் ரைவல் என்ற நிறுவனம் அவருடைய தொழிலை வாங்கி, 1971இல் 'க்ராக் பாட்' என்ற பெயரில் விற்கத் தொடங்கியது. வேலைக்குப் போகும் பெண்களுக்கென்றே விற்றார்கள். வாணிக்கு அண்ணன் சொன்ன அதே வசனம்தான்.

நம்மிடம் மட்டும் இல்லையா? இரவு முழுக்கக் கரியடுப்பில் கிடக்கும் ஆட்டுக்கால் பாயாவை யாராவது சோம்பல் என்பார்களா?

நாலு விசில்
ஞாயிறு, காலை 9.14

பாயாவை நானும் குக்கரில்தான் வைக்கிறேன்.

கரண்டிப்பிடி
ஞாயிறு, காலை 9.16

அது தெரிகிறது.

பழைய ஃபியூஸ்
ஞாயிறு, முற்பகல் 11.30

அம்மா வாணி, வணக்கம். நான் மின்வாரியத்தில் இருந்து ஓய்வு பெற்றவன், நங்கநல்லூர். சைவம். ஆகையால் சாசேஜ் பற்றிப் பேச எனக்கு யோக்கியதை இல்லை. ஆனால் இவ்வளவு பேர் பேசியும் ஒருவரும் கேட்காத கேள்வி ஒன்று இருக்கிறது. டல்லஸிலிருந்து வந்த பாத்திரம் 120 வோல்ட்டுக்குச் செய்தது. நம் வீட்டில் வருவது 230. நேராகச் சொருகியிருந்தால் ஏறக்குறைய மூன்றே முக்கால் மடங்கு சக்தி இழுத்து அன்றைக்கே எரிந்திருக்கும். அது எரியவில்லை என்றால் நடுவில் ஒரு டிரான்ஸ்பார்மர் இருக்கிறது. சரியா?

மடிப்பாக்கம் வாணி
ஞாயிறு, பிற்பகல் 12.05

சரிதான், ஐயா. ரிச்சி தெருவில் அண்ணனே வாங்கிக் கொடுத்தான். 500 வாட் என்று போட்டிருக்கிறது. 230 உள்ளே, 110 வெளியே. பாத்திரத்தின் அடியில் 120 வோல்ட், 240 வாட் என்று இருக்கிறது.

(வீட்டுக்காரர் எழுந்து ரசம் சாதம் சாப்பிட்டார். சிரிக்கிறார். மாமியார் இன்னும் குழாய்க் கறியைத்தான் திட்டுகிறார்.)

பழைய ஃபியூஸ்
ஞாயிறு, பிற்பகல் 1.20

அவர் தேறியது மகிழ்ச்சி. இனிக் கணக்கு.

வெறும் வெப்பச் சுருளுக்கு மின்னழுத்தம் குறைந்தால் சக்தி அதே விகிதத்தில் குறையாது, வர்க்கமாகக் குறையும். 120க்குப் பதில் 110 கொடுத்தால் சக்தி 84 சதவீதம். உங்கள் 240 வாட் பாத்திரம் அப்போதே 200 வாட்தான். இது வீட்டுக்கு 230 சரியாக வரும் நேரத்தில். தெரு முழுக்க ஏசி ஓடும் கோடைப் பிற்பகலில் 200க்கு இறங்கினால் டிரான்ஸ்பார்மர் வெளியே தருவது 96 வோல்ட்டுக்கும் கீழே. சக்தி 64 சதவீதம்கூட இல்லை. சுமார் 150 வாட். விளிம்பு வரை நிரப்பிய ஐந்தரை லிட்டர், அதில் உறைந்த சாசேஜ். அதை 150 வாட் விளக்கு ஒன்று சூடாக்கிக்கொண்டிருந்ததாக நினைத்துக்கொள்ளுங்கள்.

சோதித்துவிடலாம். பாத்திரத்தில் பாதி அளவு தண்ணீர் ஊற்றி, மூடி, 'லோ'வில் எட்டு மணி நேரம் வையுங்கள். நடுவில் திறக்காதீர்கள். முடிந்ததும் திறந்த கையோடு வெப்பமானி விட்டுப் பாருங்கள். 85க்கு மேல், 93க்குள் இருந்தால் பாத்திரம் நலம். குறைந்தால் அதை நம்பிக் கறி வைக்கக் கூடாது.

மேன்ஷன் 14
ஞாயிறு, பிற்பகல் 2.02

திருவல்லிக்கேணியில் தனியாக இருப்பவன். என்னிடம் மின்சார ரைஸ் குக்கர் மட்டும்தான் உண்டு. சோறு ஆனதும் 'வார்ம்' என்று ஒரு விளக்கு எரிகிறதே, அதிலேயே இரவு முழுக்க வைத்தால் ஸ்லோ குக்கர் ஆகிவிடாதா?

கரண்டிப்பிடி
ஞாயிறு, பிற்பகல் 2.10

ஆகாது, தம்பி. அது வெந்ததைச் சூடாக வைத்திருக்கத்தான். வேகாததை வேகவைக்க அல்ல. 5 டிகிரிக்கும் 60 டிகிரிக்கும் நடுவில் கறி நெடுநேரம் கிடந்தால் கிருமிக்கு விருந்து. வாணி உறைந்த சாசேஜைப் போட்டதும் அந்த வகைத் தப்புதான். முந்தைய நாளே பிரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்து உறைவு நீக்கியிருக்க வேண்டும்.

ரயிலடி
ஞாயிறு, மாலை 5.45

பெரம்பூரிலிருந்து எழுதுகிறேன். எல்லாரும் ராஜ்மாவைப் பிடித்துக்கொண்டீர்கள். சாசேஜுக்காகப் பேச ஆளில்லை; நான் பேசுகிறேன்.

அண்ணி அங்கே போடுவது பெரும்பாலும் இத்தாலிய முறைச் சாசேஜாக இருக்கும். பச்சைப் பன்றிக்கறியைக் கொத்தி, கொழுப்போடு பூண்டும் மிளகும் மிளகாயும் சோம்பும் கலந்து குடலில் அடைத்தது. வேகாதது. அதை வதக்கி ஸ்டூவில் போட்டால் கொழுப்பும் சோம்பும் இறங்கி, குழம்பு முழுவதற்கும் அதுதான் மசாலா. நம் ஊர் உறைபெட்டியில் கிடைக்கும் கோழி சாசேஜ் பெரும்பாலும் விழுதாக அரைத்து, வேகவைத்து, பிறகு உறையவைத்தது. கொடுக்க வேண்டியதை எல்லாம் ஆலையிலேயே கொடுத்துவிட்டு வந்திருக்கிறது. அதைப் பத்தரை மணி நேரம் போட்டால் இருக்கிற உப்பையும் தண்ணீருக்குக் கொடுத்துவிட்டுப் பஞ்சாகாமல் என்ன செய்யும்?

ஆக, அங்கே பச்சைச் சாசேஜ், வெந்த பீன்ஸ். இங்கே வெந்த சாசேஜ், பச்சை பீன்ஸ். வாணி, குறிப்பை அப்படியே தலைகீழாகப் பிடித்துச் சமைத்திருக்கிறீர்கள்.

பெரம்பூரில் எங்கள் தெருவில் ரயில்வே ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் நிறைய இருந்தன. அடுத்த வீட்டு ஆன்ட்டி வைக்கும் ஸ்டூவில் எலும்பும் கறியும் முழு மிளகும் முதலிலேயே போகும், காய் பிறகு, மக்ரோனி கடைசியில். "மக்ரோனி போட்டால் மேசையில் தட்டு வை" என்பார். எங்களை எல்லாம் ஓடவிடுவதற்கு அந்த ஒரு சொல் போதும்.

பாக்கெட் சாசேஜே வேண்டும் என்றால் சாய்வாக வட்டம் வட்டமாக நறுக்கி, வாணலியில் இரண்டு பக்கமும் சிவக்க விட்டு, கடைசி அரை மணியில் போடுங்கள். அந்தச் சிவந்த ஓரத்தில்தான் ருசி. கோவாவின் சோரிசோ கிடைத்தால் அது வேறு கதை. வினிகரும் காஷ்மீர் மிளகாயும் சேர்த்து ஊறிய பச்சைப் பன்றிக்கறி, முதலிலேயே போடலாம். உப்பை மட்டும் பார்த்துப் போடுங்கள், அதுவே நிறைய வைத்திருக்கும்.

கரண்டிப்பிடி
ஞாயிறு, மாலை 6.20

ரயிலடி சோம்பு என்றதும் எனக்குப் பொறி தட்டியது. கொத்துக்கறி, சோம்பு, பூண்டு, மிளகாய், மிளகு. இதை எங்கேயோ பார்த்திருக்கிறோமே? கோலா உருண்டை! நாம் குடலில் அடைக்கவில்லை, உருட்டுகிறோம், அவ்வளவுதான்.

வாணி, கடைச் சாசேஜை விடுங்கள். 400 கிராம் ஆட்டுக் கொத்துக்கறி வாங்குங்கள், கொஞ்சம் கொழுப்போடு. ஒன்றரைத் தேக்கரண்டி சோம்பை வெறும் வாணலியில் வாசம் வரும் வரை வறுத்து, பொடியாக்காமல் நொறுக்குங்கள். பல்லில் அகப்பட வேண்டும். ஐந்து பல் பூண்டு நசுக்கி, இரண்டு காய்ந்த மிளகாய் கொரகொரப்பாக, மிளகு, உப்பு, ஒரு தேக்கரண்டி வினிகர். பொட்டுக்கடலை மாவு வேண்டாம், குழம்பு கலங்கும். கையால் நன்றாகப் பிசைந்து இரண்டு மணி நேரம் பிரிட்ஜில் வைத்தால் தானே பிடித்துக்கொள்ளும். சுண்டைக்காயை விடப் பெரிதாக, எலுமிச்சையை விடச் சிறிதாக உருட்டி, எண்ணெயில் மேலே மட்டும் சிவக்கவிட்டு எடுங்கள். அந்த வாணலியிலேயே வெங்காயத்தை வதக்கி, அடியில் ஒட்டியதை ஒரு கரண்டி வெந்நீர் விட்டுச் சுரண்டி எல்லாவற்றையும் பாத்திரத்தில் ஊற்றுங்கள். ஒட்டியதைக் கழுவிக் கொட்டுகிறவர்களோடு எனக்குப் பேச்சு இல்லை.

சோதனைக்குழாய்
ஞாயிறு, இரவு 9.30

உருளைக்கிழங்கு பாக்கி இருக்கிறது. அதற்கு மூன்று காரணம்.

கறி மிருதுவாகும் சூடும் காய் மிருதுவாகும் சூடும் ஒன்றல்ல. காய்கறியின் செல்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டின் கரைய 85 டிகிரிக்கு மேல் போக வேண்டும். கறி அதற்கு முன்பே இளகத் தொடங்கிவிடும். நாம் நினைப்பதற்கு நேர்மாறாக, ஸ்லோ குக்கரில் கிழங்குதான் தாமதம். ஆகவே சிறிதாக வெட்டி, சூடு வரும் அடியிலும் ஓரத்திலும் வைக்க வேண்டும்.

இரண்டாவது, ஆறு தக்காளி. புளிப்பு இருந்தால் பெக்டின் எளிதில் கரையாது. சாம்பாரில் காய் வெந்த பிறகுதானே புளி ஊற்றுகிறோம்? பாட்டி காரணம் சொல்லாமல் செய்தது இதுதான்.

மூன்றாவது, மடிப்பாக்கம். வாணி, எந்தத் தண்ணீரை ஊற்றினீர்கள்?

மடிப்பாக்கம் வாணி
ஞாயிறு, இரவு 9.41

ஆழ்குழாய்த் தண்ணீர். குடிக்கத்தான் ஆர்.ஓ. தண்ணீர். சமையலுக்கு அதை எதற்கு வீணாக்குவது என்று...

வெந்நீர் வைக்கும் பாத்திரத்தின் உள்ளே வெள்ளையாகப் படிந்திருக்கும். மாதம் ஒரு முறை வினிகர் ஊற்றிக் கழுவுகிறேன். குழாய் முனையில் சுண்ணாம்பு ஒரு மீசையே வைத்திருக்கிறது.

சோதனைக்குழாய்
ஞாயிறு, இரவு 9.50

அந்த மீசைதான் உங்கள் உருளைக்கிழங்கிலும் முளைத்தது. கடினத் தண்ணீரில் உள்ள கால்சியமும் மெக்னீசியமும் பெக்டினோடு சேர்ந்து அதை இறுக்கிவிடும். பருப்பு வேகாத வீட்டில் கேட்டுப் பாருங்கள், ஆழ்குழாய்த் தண்ணீராக இருக்கும். ராஜ்மா ஊறவைக்கவும் வேகவைக்கவும் ஸ்டூவுக்கும் ஆர்.ஓ. தண்ணீரையே எடுங்கள்.

மடிப்பாக்கம் வாணி
புதன், இரவு 10.15

பழைய ஃபியூஸ் ஐயா சொன்ன சோதனையை இன்று செய்தேன். பாதி அளவு தண்ணீர், 'லோ', எட்டு மணி நேரம், மாமியார் காவல். பால் வெப்பமானி ஒன்று வாங்கியிருந்தேன்.

71.

இரண்டு தடவை பார்த்தேன். 71தான். மாலை நான்கு மணிக்கு மாமியாரைப் பார்க்கச் சொன்னபோது ஸ்டெபிலைசர் 198 காட்டியதாம்.

பழைய ஃபியூஸ்
வியாழன், காலை 5.40

நன்றாகச் செய்தீர்கள். இனி 'லோ' உங்கள் வீட்டில் சூடாக வைத்துக்கொள்ள மட்டும். சமைப்பது 'ஹை'யில். தண்ணீரைக் கொதிக்கக் கொதிக்க ஊற்றித் தொடங்குங்கள், பாதிக் கிணறு தாண்டியதாக ஆகும். பீங்கான் பானையையும் வெந்நீரில் அலசிச் சூடேற்றிய பிறகே ஊற்றுங்கள்; குளிர்ந்த பீங்கானில் கொதிநீரைக் கொட்டினால் விரிசல் விடும். அந்தப் பானையை எரிவாயு அடுப்பில் வைத்துவிட வேண்டாம்.

இன்னொன்று. வீட்டில் ஆள் இல்லாதபோது மின்தடை வந்து, எவ்வளவு நேரம் என்று தெரியாவிட்டால், சாப்பாடு எவ்வளவு நன்றாக இருந்தாலும் கொட்டிவிடுங்கள். எண்கள் மினுக்கும் வகைப் பாத்திரங்களில் பல, மின்சாரம் திரும்பினாலும் அணைந்தே கிடக்கும்.

நாலு விசில்
வியாழன், காலை 7.30

டிரான்ஸ்பார்மர், ஸ்டெபிலைசர், வெப்பமானி, ஆர்.ஓ. தண்ணீர். ஒரு கிண்ணம் ஸ்டூவுக்கு இஸ்ரோவே இறங்கிவிட்டது. நான் ஒன்றும் சொல்லவில்லை.

மடிப்பாக்கம் வாணி
ஞாயிறு, இரவு 9.05

செய்துவிட்டேன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

ராஜ்மா முக்கால் கோப்பை, ஆர்.ஓ. தண்ணீரில் ஊறியதை வடித்து, புதுத் தண்ணீரில் குக்கரில் ஆறு விசில் (நாலு விசில் அவர்கள் மகிழ்ச்சி அடைக). விரலால் நசுக்கினால் வெண்ணெய். ஆட்டுக் கொத்துக்கறி உருண்டை இருபத்து மூன்று வந்தது. இருபத்து நான்காவதை மாமியார் பொரித்த சூட்டிலேயே ருசி பார்த்துவிட்டார்.

பத்து மணிக்கு, அடியில் இரண்டு சென்டிமீட்டர் சதுரமாக வெட்டிய உருளை, அதன் மேல் காரட், மேலே வதக்கிய வெங்காயம், சுரண்டிய அடி, உருண்டைகள், பிரிஞ்சி இலை ஒன்று, கொதிநீர் ஒரு லிட்டர். பாத்திரம் பாதிக்குச் சற்று மேல். 'ஹை'. மூன்று மணி நேரம் மூடியைத் தொடவில்லை. ஒவ்வொரு தடவை திறந்தாலும் இருபது, முப்பது நிமிடச் சூடு போய்விடும் என்று படித்ததால் மாமியாரின் கையையும் பிடித்துக்கொண்டேன். கண்ணாடி மூடிக்குள் நீர் முத்துக்கள் கோத்து ஓடுவதைப் பார்த்தே பொழுது போனது.

ஒரு மணிக்கு உருளை வெந்திருந்தது. அப்போதுதான் நான்கு தக்காளியைத் தனியே எண்ணெயில் சுருள வதக்கி ராஜ்மாவோடு சேர்த்தேன். இரண்டு மணிக்குப் பாஸ்தா, 150 கிராம். போன தடவை வாங்கியது மைதாப் பாஸ்தா என்று பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. இந்தத் தடவை டியூரம் கோதுமை ரவையில் செய்தது, குட்டைக் குழாய் வடிவம். இருபத்தைந்து நிமிடத்தில் கடித்தால் நடுவில் மெல்லிய உயிர் இருந்தது. முருங்கைக்கீரை ஒரு பிடி போட்டு மூடி, அணைத்துவிட்டேன்.

குழம்பு செம்மண் நிறம். மேலே சோம்பும் கொழுப்பும் மினுமினுப்பாக. உருண்டை ஒன்றுகூட உடையவில்லை. வீட்டுக்காரர் முதல் கரண்டியை எடுக்கும் முன் என்னை ஒரு பார்வை பார்த்தார். பிறகு மூன்று கிண்ணம். மாமியார் ஒரு முறி எலுமிச்சை பிழிந்துகொண்டு, "இது நம் கோலா உருண்டைக் குழம்புதான், அதில் சேமியாவுக்குச் சித்தப்பா ஒன்றைப் போட்டிருக்கிறாய்" என்றார்.

ஒரு குறை. இரவு மிச்சத்தைப் பார்த்தால் பாஸ்தா எல்லாக் குழம்பையும் குடித்துவிட்டுத் தடித்து உட்கார்ந்திருக்கிறது. இதற்கு என்ன வழி?

ரயிலடி
ஞாயிறு, இரவு 9.20

மிச்சம் வரும் என்று தெரிந்தால் பாஸ்தாவைத் தனியே வேகவைத்து, சாப்பிடும்போது கிண்ணத்தில் போட்டு மேலே குழம்பை ஊற்றுங்கள். இன்றைக்கு மிச்சத்தைப் பிரிட்ஜில் வைத்து, காலையில் கொஞ்சம் வெந்நீரும் மிளகும் விட்டு அடுப்பில் தளர்த்துங்கள். முட்டை ஒன்றை உடைத்து ஊற்றினால் இன்னும் நன்று.

மேன்ஷன் 14
ஞாயிறு, இரவு 9.33

இருபத்து மூன்று உருண்டையில் ஒன்றும் மிச்சம் இல்லையா?

பழைய ஃபியூஸ்
திங்கள், காலை 5.50

அம்மா வாணி, படித்து மகிழ்ந்தேன். வீட்டு அம்மாளுக்கும் படித்துக் காட்டினேன். கொத்துக்கறி என்ற இடத்தில் மட்டும் இருமினேன். அவர் கேட்டுவிட்டு, "கடலைப்பருப்பை ஊறவைத்துச் சோம்போடு கொரகொரப்பாக அரைத்து, உருட்டி, ஆவியில் வைத்துப் போட்டால் ஆகாதா? சைதாப்பேட்டை வடகறி வேறென்ன?" என்கிறார். எனக்கு அது நியாயமாகப் படுகிறது. உருண்டையை எப்போது போடுவது, பாஸ்தாவுக்கு முன்பா பின்பா?

கரண்டிப்பிடி
திங்கள், காலை 6.30

பாஸ்தாவுக்குப் பின், ஐயா. கடைசிப் பத்து நிமிடம். முன்பே போட்டால் பருப்பு உருண்டை குழம்பைக் குடித்து உடையும். ஆவியில் வைத்ததை முழுதாக ஆறவிட்டுப் போடச் சொல்லுங்கள். இரண்டு உருண்டையை மட்டும் கையால் உதிர்த்துக் குழம்பில் கலந்துவிடச் சொல்லுங்கள், வடகறியின் கெட்டித்தன்மை வரும்.

உங்கள் வீட்டு ஸ்லோ குக்கர் எத்தனை வோல்ட்?

பழைய ஃபியூஸ்
திங்கள், காலை 6.34

எங்களிடம் ஏது அம்மா? கும்மட்டி அடுப்பும் வெண்கலப் பானையும்தான்.